செல்யூஸ்கின் பனி முகாம், 1934: மிதக்கும் பனிமேல் 104 பேர், இரண்டு மாதம்

1934 பிப்ரவரி 13 அன்று, சோவியத் நாட்டின் வடகிழக்கு மூலையில் உள்ள சுக்சி கடலில், செல்யூஸ்கின் என்ற சரக்குக் கப்பல் பனிக்கட்டிகளுக்கு நடுவே நசுங்கி மூழ்கியது. அதில் இருந்த 105 பேரில் ஒருவர் கப்பலோடு போய்விட்டார். மீதி 104 பேர் மிதக்கும் பனிமேல் இறங்கினார்கள். அவர்களில் பத்துப் பேர் பெண்கள். இரண்டு குழந்தைகள், ஒன்று ஆறு மாதம்கூட நிறையாத கைக்குழந்தை. ஏப்ரல் 13 அன்று கடைசி ஆறு பேரும் விமானத்தில் கரை சேர்ந்தார்கள். அந்த இரண்டு மாதத்தில் பனிமேல் ஒருவர்கூடச் சாகவில்லை.

இந்த நிகழ்வைப் பெரும்பாலும் விமானிகளின் கதையாகவே சொல்வார்கள். ‘சோவியத் ஒன்றியத்தின் வீரர்’ என்ற பட்டம் முதன்முதலாக அந்த ஏழு விமானிகளுக்குத்தான் கிடைத்தது. அந்தப் பெருமை அவர்களுக்கு உரியதே. ஆனால் நாள்வாரியாகப் பார்த்துக்கொண்டு வந்தால், மீட்பின் பாதி வேலையைச் செய்தவர்கள் பனிமேல் நின்றவர்கள்தான் என்பது தெரியும். விமானம் இறங்க ஓர் இடமும், அது எங்கே என்று சொல்ல ஒரு வயர்லெஸ்ஸும் இல்லாமல் எந்த விமானியாலும் எதுவும் செய்திருக்க முடியாது. அதைச் சரியாகப் பதிவு செய்வது இந்த ஆய்வின் ஒரு நோக்கம். அவர்களை அந்த இடத்தில் கொண்டுபோய் நிறுத்திய முடிவுகளைப் பார்ப்பது இன்னொன்று. ஆட்களின் பெயர்களை விட்டுவிட்டு, அவர்கள் வகித்த பொறுப்பைக் கொண்டே குறிப்பிடுகிறேன்.

பின்னணி

ஐரோப்பாவிலிருந்து பசிபிக் வரை ரஷ்யாவின் வடகரையை ஒட்டிப் போகும் கடல்வழியை வழக்கமான சரக்குப் பாதையாக்க வேண்டும் என்பது அன்றைய சோவியத் அரசின் பெரிய திட்டம். 1932இல் சிபிரியாகோவ் என்ற பனியுடைப்பு நீராவிக் கப்பல் அந்த வழியை ஒரே பருவத்தில் கடந்து காட்டியது. கடைசிக் கட்டத்தில் அதன் உந்துவிசிறி உடைந்துபோய், கையில் இருந்த துணிகளைப் பாயாகக் கட்டித்தான் பனியிலிருந்து வெளியே வந்தது. இருந்தும் அது வெற்றியாகவே எண்ணப்பட்டது. அதே ஆண்டு டிசம்பரில் இந்த வழிக்கென்றே தனித் துறை அமைந்தது. அந்தப் பயணத்தை நடத்தியவரே துறைக்கும் தலைவரானார்.

அடுத்த கேள்வி: பனியுடைப்புக் கப்பல் இல்லாமல், சாதாரணச் சரக்குக் கப்பல் இந்த வழியில் போக முடியுமா? அதைச் சோதிக்கத் தேர்ந்தெடுத்ததுதான் செல்யூஸ்கின். டென்மார்க்கில் கட்டி 1933இல் கடலில் இறக்கிய புதுக் கப்பல், சுமார் 7,500 டன். பனிக்காக ஓரளவு வலுப்படுத்தியிருந்தார்கள், அவ்வளவுதான். தலைவராகவும் கேப்டனாகவும் போனவர்கள் சிபிரியாகோவில் போன அதே இருவர். கப்பலைச் சுற்றிப் பார்த்த கேப்டனுக்குத் திருப்தி இல்லை. உடற்சட்டங்கள் போதுமான வலுவோடு இல்லை, கப்பல் அகலமாக இருக்கிறது, பனிக்கு நடுவே சரியாகத் திரும்பாது என்று அவர் எண்ணினார். அவருடைய ஐயம் பயணத்தை நிறுத்தவில்லை.

இன்னொரு வேலையும் இருந்தது. ராங்கல் தீவில் பல ஆண்டுகளாக இருந்தவர்களை மாற்றி, புதுக் குழுவை அங்கே இறக்க வேண்டும். அதனால்தான் கப்பலில் குடும்பங்களும், வீடு கட்டும் தச்சர்களும், கட்டுமான மரமும் இருந்தன. அந்த மரம் பின்னால் எதற்குப் பயன்பட்டது என்பதைப் பார்ப்போம்.

பயணத்தில் தெரிந்த அறிகுறிகள்

ஆகஸ்ட் 10 அன்று மூர்மான்ஸ்க்கிலிருந்து 112 பேரோடு கிளம்பினார்கள். காரா கடலில் முதல் பனியைச் சந்தித்ததுமே உடற்சட்டங்கள் வளைந்து, தண்ணீர் கசிய ஆரம்பித்தது. கிராசின் என்ற பெரிய பனியுடைப்புக் கப்பல் வந்து வழி காட்ட வேண்டியிருந்தது. பனியின் கடுமையான பகுதி இன்னும் கிழக்கே இருந்தது. அங்கே துணைக்குக் கிராசின் வராது. இது முதல் எச்சரிக்கை. ஆகஸ்ட் 31 அன்று அதே காரா கடலில் கப்பலிலேயே ஒரு பெண் குழந்தை பிறந்தது.

ராங்கல் தீவை நெருங்கவே முடியவில்லை. பனி அடைத்து நின்றது. செப்டம்பர் பாதிக்கு மேல், கோல்யூச்சின் விரிகுடாப் பக்கம், கப்பல் பனிக்குள் மாட்டிக்கொண்டது. அக்டோபர் தொடக்கத்தில் எட்டுப் பேரை நாய்கள் இழுக்கும் சறுக்குவண்டிகளில் கரைக்கு அனுப்பினார்கள். கரை எட்டும் தூரத்தில் இருந்த நாட்கள் அவை. தீவில் இறங்குவது நடக்காது என்று தெரிந்துவிட்ட நிலையில், தீவுக்காகவே ஏறிய பலர் தொடர்ந்து கப்பலிலேயே இருந்தார்கள்.

நவம்பர்

நீரோட்டம் கப்பலைப் பனியோடு சேர்த்துக் கிழக்கே இழுத்துக்கொண்டே போனது. நவம்பர் 4 அன்று அவர்கள் பெரிங் நீரிணைக்குள்ளேயே வந்துவிட்டார்கள். எதிரே திறந்த கடல், சில மைல்தான். அது கிடைத்திருந்தால் செல்யூஸ்கினும் வடக்கு வழியை ஒரே பருவத்தில் முடித்த கப்பலாக ஆகியிருக்கும். கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை. நீரோட்டம் திரும்பியது. பனி மொத்தமாக வடமேற்கே நகர, கப்பலும் அதோடு பின்னால் போனது.

லிட்கே என்ற பனியுடைப்புக் கப்பல் அந்தப் பக்கத்தில்தான் இருந்தது. நீண்ட பருவம் முழுக்க வேலை செய்து அதுவே அடிபட்டிருந்தது. உதவி கேட்டபோது அது வரத்தான் முயன்றது; பனியைத் தாண்ட முடியாமல் திரும்பியது. அதன்பின் வெடி வைத்துப் பனியை உடைத்தும் பார்த்தார்கள், பயனில்லை. குளிர்காலம் முழுவதும் இதே பிடிக்குள்தான் என்பது உறுதியானது.

இங்கே ஒரு நல்ல முடிவைக் குறிப்பிட வேண்டும். கப்பல் எந்த நேரமும் நசுங்கலாம் என்று ஒப்புக்கொண்டு, இரண்டு மாதத்துக்கான உணவையும் கூடாரம், துணிமணி, எரிபொருளையும் மேல்தளத்தில் தயாராக எடுத்து வைத்தார்கள். யார் எதை இறக்க வேண்டும் என்பதும் முன்கூட்டியே பிரிக்கப்பட்டிருந்தது.

பிப்ரவரி 13

அன்று பனிப்புயல். மதியம் ஒன்றரை மணி வாக்கில், பல மீட்டர் உயரத்துக்குக் குவிந்த பனிவரப்பு ஒன்று நகர்ந்து வந்து கப்பலின் இடப்பக்கத்தை அழுத்தியது. இரும்புத் தகடு நீளத்துக்குக் கிழிந்தது. தண்ணீர் புகுந்த வேகத்தைப் பார்த்ததுமே, இனி காப்பாற்ற முடியாது என்று முடிவு செய்துவிட்டார்கள். அதற்காக நேரத்தை வீணாக்கவில்லை.

இரண்டு மணி நேரம் கிடைத்தது. முதலில் பெண்களையும் குழந்தைகளையும் இறக்கினார்கள். அப்புறம் மேல்தளத்துச் சாமான்கள். கரிச் சாக்குகள், டப்பா உணவுகள், வயர்லெஸ் கருவி, மின்கலங்கள், கூடாரங்கள், கப்பலில் இருந்த சின்னஞ்சிறு நீர்நில விமானம்கூடப் பனிக்கு வந்து சேர்ந்தது. கப்பல் முகப்பை முன்னால் சாய்த்து இறங்கியபோது, கடைசியாக இருந்தவர்கள் குதித்தார்கள். பொருள் பொறுப்பாளர் குதிப்பதற்குள் சரிந்து உருண்ட சரக்கு அவரை அடித்துத் தள்ளியது. கப்பலோடு போன அந்த ஒருவர் அவர்தான்.

கப்பல் போன இடத்தில் கட்டுமான மரங்கள் மேலே மிதந்து வந்தன. குழு அவற்றைப் பனியிலிருந்து வெட்டி எடுத்தது.

நடப்பதா, காத்திருப்பதா

மறுநாள் வயர்லெஸ் தொடர்பு கிடைத்தது. தலைவர் அனுப்பிய செய்தியில் இடமும் நேரமும் தெளிவாக இருந்தன: வடமுனை என்ற கரைமுனைக்கு 155 மைல், உவெலென் முனைக்கு 144 மைல் தொலைவில் கப்பல் மூழ்கியது, எல்லோரும் பனிமேல் இருக்கிறோம், உணவு இருக்கிறது. அழுகையோ ஆரவாரமோ இல்லாத செய்தி. மாஸ்கோவில் உடனே அரசுக் குழு ஒன்று அமைந்தது.

பனிமேல் முதல் பெரிய வாதம், கரைக்கு நடந்து போவதா என்பது. உடல்திடம் உள்ள சிலர் போகலாம் என்றார்கள். தலைவர் மறுத்தார். பனிவரப்புகள் மேல் ஏறி இறங்கிச் சறுக்குவண்டி இழுத்தால் ஒரு நாளைக்குச் சில கிலோமீட்டர்தான் நகர முடியும். குழந்தைகளையும் முடியாதவர்களையும் விட்டுவிட்டுப் போக வேண்டிவரும். பலமானவர்கள் போய்விட்டால் இருப்பவர்களைக் காப்பாற்ற ஆள் இருக்காது. இதுதான் அவருடைய கணக்கு. கரையிலிருந்து நாய்வண்டிகளை வரிசையாக அனுப்பலாம் என்ற யோசனை வந்தபோதும் அதை அவர் ஏற்கவில்லை.

இந்த முடிவு சரியானது என்பதற்கு அதே கடலில் ஒரு சான்று இருக்கிறது. இருபது ஆண்டுக்கு முன், 1914 ஜனவரியில், கனடா ஆய்வுப் பயணத்தின் கார்லக் என்ற கப்பல் ராங்கல் தீவுக்கு வடக்கே இதே மாதிரி நசுங்கி மூழ்கியது. பனிமேல் இறங்கியவர்கள் 25 பேர். வயர்லெஸ் இல்லை. பிரிந்து பிரிந்து நடந்தார்கள். எட்டுப் பேர் பனிவழியிலும், மூன்று பேர் தீவிலும் இறந்தார்கள். மற்றவர்கள் பிழைத்ததற்குக் காரணம், கேப்டன் ஓர் இனுயிட் வேட்டைக்காரரோடு சைபீரியக் கரை வரை பனிமேல் நடந்து போய்ச் செய்தி சொன்னதுதான். கப்பல் வந்து மீட்டபோது செப்டம்பர் ஆகிவிட்டது. அங்கே நடக்காமல் இருந்திருந்தால் யாருக்கும் எதுவும் தெரிந்திருக்காது. செல்யூஸ்கின் குழுவுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. இடம் தெரிந்துவிட்டது, உலகம் கேட்டுக்கொண்டிருந்தது. அதனால் ஒரே இடத்தில் சேர்ந்து இருப்பதே பலம்.

முகாம்

மிதந்து வந்த மரத்தில் தச்சர்கள் ஒரு நீண்ட கொட்டகை கட்டினார்கள். பெண்கள், குழந்தைகள், உடல்நலம் குறைந்தவர்கள் அதில். மற்றவர்கள் கூடாரங்களில். சமையல்கூடம், ரொட்டி சுடும் அடுப்பு, தூரத்திலிருந்து தெரிவதற்கு ஒரு மரக்கோபுரம். கண்ணாடி இல்லாததால் பாட்டில்களை அடுக்கி ஜன்னல் வைத்தார்கள். டப்பாக்களை வெட்டிக் குவளை செய்தார்கள். வெளியே மைனஸ் 30, சில நாள் மைனஸ் 40 டிகிரி.

வயர்லெஸ் ஆபரேட்டரின் கூடாரம்தான் முகாமின் இதயம். உலோகக் கம்பியைப் பின்னிச் சேர்க்கும் வேலை கையுறையோடு நடக்காது. அவர் வெறுங்கையோடுதான் கருவியைப் பொருத்தினார். மின்கலத்தில் இருக்கும் சக்தியை அளந்து செலவிட வேண்டும். ஆகவே குறித்த நேரத்தில் மட்டும், சுருக்கமான செய்திகள். கரையில் உவெலென் நிலையத்தில் இருந்த பெண் ஆபரேட்டர் இரவு பகலாகக் காதை வைத்துக்கொண்டிருந்தார். தினமும் முகாம் எங்கே நகர்ந்திருக்கிறது, காற்று எப்படி, ஓடுதளம் எந்த நிலையில் இருக்கிறது என்ற விவரம் கரைக்குப் போனது.

தலைவர் கணிதப் பேராசிரியர். மாலை நேரங்களில் மெய்யியல், அறிவியல், வரலாறு என்று உரை நிகழ்த்தினார். ‘பணிய மாட்டோம்’ என்று பெயரிட்ட சுவர்ப் பத்திரிகை வந்தது. இதைப் படிக்கும்போது பிரசாரமாகத் தோன்றலாம். நான் அப்படி எடுத்துக்கொள்ளவில்லை. காலையில் செய்ய வேலையும் மாலையில் கேட்க ஏதாவதும் இருக்கிற கூட்டத்தில் பயம் பரவுவது குறைவு. வந்த செய்திகளை, கெட்ட செய்தியையும் சேர்த்து, எல்லோருக்கும் படித்துக் காட்டினார்கள் என்பதும் அதே காரணத்துக்காகத்தான்.

ஓடுதளம்

இதுதான் இந்த நிகழ்வில் மிகக் குறைவாகப் பேசப்படுவது.

சக்கரத்துக்குப் பதில் சறுக்குக்கட்டை பூட்டிய விமானம் இறங்க, சில நூறு மீட்டர் நீளத்துக்குச் சமதளமான, தடித்த பனி வேண்டும். முகாமைச் சுற்றி எங்கு பார்த்தாலும் வரப்பும் விரிசலும். சில கிலோமீட்டர் தள்ளி, புதிதாக உறைந்த ஒரு சமவெளியைக் கண்டுபிடித்தார்கள். மேடுகளைக் கடப்பாரையாலும் கோடாரியாலும் உடைத்து, உடைந்த கட்டிகளை ஒட்டுப்பலகைகளில் ஏற்றி, கயிறு கட்டி இழுத்து ஓரத்தில் கொட்டினார்கள். தினமும் முகாமிலிருந்து நடந்து போய் இந்த வேலை. ஒரு சிறு குழு ஓடுதளத்துப் பக்கத்திலேயே கூடாரம் போட்டுத் தங்கிக் காவல் காத்தது.

பிரச்சினை என்னவென்றால், பனி நின்ற இடத்தில் நிற்காது. ஓடுதளம் தயாரான சில நாட்களில் நடுவே விரிசல் ஓடும், அல்லது இரண்டு பக்கமும் நெருக்கிப் புது வரப்பு எழும்பும். முடிந்த வேலை ஓர் இரவில் போய்விடும். திரும்ப வேறு இடம் தேட வேண்டும், திரும்ப உடைக்க வேண்டும். விமானம் வருமா என்றே தெரியாத வாரங்களில்கூட, எப்போதும் ஓர் ஓடுதளமாவது தயாராக இருக்க வேண்டும் என்பதில் அவர்கள் விட்டுக்கொடுக்கவில்லை.

மார்ச் 5 அன்று அதன் பலன் தெரிந்தது. உவெலெனில் இருந்த இரட்டை எஞ்சின் விமானத்தின் விமானி, வானிலையால் திரும்பத் திரும்பத் தோற்ற பிறகு, அன்று முகாமைக் கண்டுபிடித்தார். அதே நேரத்தில் முகாமுக்கும் ஓடுதளத்துக்கும் நடுவே பனி பிளந்து தண்ணீர் தெரிந்தது. முகாமிலிருந்து ஒரு படகைப் பனிமேல் இழுத்துக்கொண்டு ஓடி, பெண்களையும் குழந்தைகளையும் அந்த வாய்க்காலைக் கடத்திவிட்டார்கள். விமானம் புது மின்கலங்களைக் கொடுத்துவிட்டு, பத்துப் பெண்களையும் இரண்டு குழந்தைகளையும் ஏற்றிக்கொண்டு போனது. அவர்கள் போன பிறகு ஒரு விரிசல் நேராகக் கொட்டகைக்கு அடியில் ஓடி அதை இரண்டாகப் பிளந்தது.

கரையில் நடந்தவை

அந்த விமானத்தால் திரும்ப வர முடியவில்லை. சில நாட்களில் எஞ்சின் பழுதாகி இறங்கிவிட்டது. அடுத்த விமானம் முகாமில் இறங்க ஒரு மாதத்துக்கு மேல் ஆனது.

அரசுக் குழுவின் சிறந்த முடிவு, ஒரே வழியை நம்பாமல் இருந்தது. பசிபிக் பக்கத்தில் ஒரு கப்பலில் ஐந்து இலகு விமானங்களை ஏற்றி அனுப்பி, அங்கிருந்து மலைத்தொடர்களைத் தாண்டிப் பறக்கச் செய்தார்கள். அவற்றில் முகாமுக்குப் பக்கத்துக் கரைத்தளமான வான்கரெம் வரை வந்தவை இரண்டு. கபரோவ்ஸ்க்கிலிருந்து மூன்று கிளம்பின, இரண்டு வந்தன. இரண்டு விமானிகளை ஐரோப்பா வழியாக அமெரிக்காவுக்கே அனுப்பி, அலாஸ்காவில் இரண்டு விமானங்கள் வாங்கினார்கள். இரண்டிலும் அமெரிக்க மெக்கானிக்குகள் கூட வந்தார்கள். ஒன்று வழியில் விழுந்து நொறுங்கியது. அதில் இருந்தவர்கள் பிழைத்தார்கள். இவ்வளவும் போதாதென்று, கோடை வரை இழுத்தாலும் ஆகட்டும் என்று கிராசினைப் பழுதுபார்த்துப் பனாமா கால்வாய் வழியாக அனுப்பிவைத்தார்கள். ஏதாவது ஒரு வழியை மட்டும் தேர்ந்தெடுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதை மேலே உள்ள எண்களே சொல்கின்றன.

வான்கரெம், அந்தக் கரையின் பூர்வகுடிகளான சுக்சி மக்களின் ஒரு சிறு குடியிருப்பு. முகாமிலிருந்து பறந்தால் ஏறக்குறைய ஒரு மணி நேரம். விமானங்களுக்கான பெட்ரோலை அங்கே கொண்டுவந்து சேர்த்தவை சுக்சி மக்களின் நாய்வண்டிகள். அவர்கள் இல்லாமல் அந்தத் தளம் இல்லை.

இதற்கிடையே ஏப்ரல் 2 அன்று, முகாமில் இருந்த அந்தச் சிறு நீர்நில விமானத்தை ஒட்டுப்போட்டுச் சரிசெய்து, முகாமின் விமானியும் ஒரு மெக்கானிக்கும் தாங்களே வான்கரெமுக்குப் பறந்து வந்தார்கள். ஒரு சறுக்குக்கட்டை கழன்று தொங்கிக்கொண்டிருந்தது.

கடைசி வாரம்

ஏப்ரல் 7 அன்று மூன்று விமானங்கள் முகாமில் இறங்கின. அலாஸ்காவிலிருந்து வந்தது தரையிறங்கும்போது வரப்பில் மோதி அடிபட்டது. அதைச் சரிசெய்யச் சில நாள் பிடித்தது. மற்ற இரண்டும் அன்று ஐந்து பேரை ஏற்றிச் சென்றன. அவை இருவர் உட்காரும் சின்ன விமானங்கள். இப்படியே போனால் முடியாது என்று பார்த்த ஒரு விமானி, இறக்கைக்கு அடியில் பாராசூட்டில் சாமான் போடுவதற்காக இருந்த நீளமான பெட்டிகளில் ஆளைப் படுக்கவைத்துப் பறந்தார். அவர் ஒருவரே 39 பேரைக் கரை சேர்த்தார்.

தலைவருக்கு இதற்குள் நிமோனியா முற்றிவிட்டது. கடைசியாகத்தான் போவேன் என்று இருந்தவரை, மாஸ்கோ உத்தரவிட்டு வெளியேற்றி, அலாஸ்காவில் நோம் நகர மருத்துவமனைக்குக் கொண்டுபோனது. பொறுப்பை அவருடைய துணைவர் ஏற்றார். முகாம் ஒரு நாள்கூடத் தலைமை இல்லாமல் இருக்கவில்லை.

ஏப்ரல் 10இல் 22 பேர், 11இல் 35, 12இல் 22. கடைசி இரவு பனிமேல் இருந்தது ஆறே பேர்; கேப்டனும் வயர்லெஸ் ஆபரேட்டரும் அவர்களில் இருந்தார்கள். 13 அன்று அந்த ஆறு பேரும் கடைசி நாய்களும் போனார்கள்.

பின்னர்

1934 கோடையிலேயே லிட்கே விளாடிவோஸ்டாக்கிலிருந்து மூர்மான்ஸ்க் வரை வடக்கு வழியை ஒரே பருவத்தில், சேதமில்லாமல் கடந்தது. 1937இல் வடதுருவப் பக்கம் பனிமேல் விமானங்களை இறக்கி, நான்கு பேரை மிதக்கும் ஆய்வு நிலையத்தில் விட்டார்கள். அந்த நான்கு பேரில் ஒருவர் செல்யூஸ்கினின் வயர்லெஸ் ஆபரேட்டர்; பயணத்தை நடத்தியவர் அதே தலைவர்; விமானிகளில் இருவர் 1934இல் முகாமில் இறங்கியவர்கள். கப்பல் மூழ்கிய இடம் 2006இல் கண்டுபிடிக்கப்பட்டது. சுமார் 50 மீட்டர் ஆழம்தான்.

எதை மாற்றியிருக்க வேண்டும்

கப்பல்தான் முதல் தவறு. கேப்டனின் ஐயமும் காரா கடலின் வளைந்த சட்டங்களும் ஒரே விஷயத்தைச் சொன்னன. ஒரு பரிசோதனை எந்த இடத்தில் நிறுத்தப்படும் என்று கிளம்பும் முன்பே எழுதி வைத்திருந்தால், அந்தக் கசிவே போதுமான காரணமாக இருந்திருக்கும். அதுவும், பரிசோதனைக் கப்பலிலேயே குடும்பங்களை ஏற்றியதை என்னால் நியாயப்படுத்த முடியவில்லை. தீவுப் பணியை வேறு கப்பலுக்குக் கொடுத்திருக்க வேண்டும். அக்டோபரில் கரை பக்கத்தில் இருந்தபோது எட்டுப் பேரோடு நிறுத்தியிருக்கக் கூடாது.

பனியுடைப்புக் கப்பலை உதவிக்குக் கேட்பதைத் தோல்வியாக எண்ணக்கூடாது என்பதையும் சேர்க்கலாம். திறந்த நீர் கண்ணுக்குத் தெரியும் நாளில்தான் அதைக் கேட்க மனம் வராது. அந்த நாளில்தான் அது அருகே இருக்கும்.

அப்புறம் அந்த ஒரு மரணம். கப்பல் சாய ஆரம்பித்த பிறகும் சிலர் மேல்தளத்தில் இருந்தார்கள். சாமான் இறக்குவதற்கு ஒழுங்கு இருந்தது. ஆட்கள் எந்த நிமிடத்தில் வேலையைப் போட்டுவிட்டு இறங்க வேண்டும் என்பதற்கு அதே அளவு கறாரான ஒழுங்கு இருந்ததாகத் தெரியவில்லை. இறங்கும் அறிவிப்பைத் தர ஒருவர், பனிமேல் நின்று தலை எண்ண ஒருவர், கப்பல் இத்தனை சாய்வைத் தாண்டினால் சரக்கு எதுவானாலும் விட்டுவிடுவது என்ற ஒரு வரம்பு. பொருள் பொறுப்பாளரைக் காப்பாற்ற இவ்வளவுதான் தேவைப்பட்டிருக்கும்.